ஸ்லோ குக்கர் முட்டை கேசரோல்: எட்டு மணி நேரம் வேண்டாம்

"ராத்திரி எல்லாவற்றையும் போட்டு மூடிவிட்டுப் படுத்தால் காலையில் சுடச்சுட டிபன் தயார்." ஸ்லோ குக்கர் முட்டை கேசரோலுக்கான அமெரிக்கக் குறிப்புகள் பெரும்பாலும் இந்த ஆசையைக் காட்டித்தான் தொடங்கும். ஸ்லோ குக்கர் என்பது மணிக்கணக்கில் மெதுவாக வேகவைக்கும், உள்ளே பீங்கான் பாத்திரம் கொண்ட மின்சாரக் குக்கர். அதில் லோ, ஹை என்று இரண்டு நிலைகள். குறிப்பில் லோவில் எட்டு மணி நேரம் என்றிருக்கும். நம்பி வைத்தால், காலையில் மூடியைத் திறக்கும்போது ஓரமெல்லாம் பழுப்பேறி ரப்பர் மாதிரி இழுக்கும். நடுப்பகுதி பச்சையும் சாம்பலும் கலந்த ஒரு நிறத்தில் இருக்கும். ஒரு துண்டு வெட்டி எடுத்தால் அந்தக் குழியில் தண்ணீர் ஊறி நிற்கும். கைப்பக்குவத்தில் குறையில்லை, நேரக் கணக்கில்தான் குறை.

இங்கே கேசரோல் என்பது நம் ஊரில் சப்பாத்தி ஆறாமல் இருக்க வைக்கும் ஹாட்பாக்ஸ் இல்லை. உருளைக்கிழங்குத் துருவல், சாசேஜ், செடார் சீஸ் மூன்றையும் அடுக்கி, பால் கலந்து அடித்த முட்டையை மேலே ஊற்றி, மொத்தமாக இறுகவிட்டு, வெட்டித் தட்டில் போட்டுக்கொள்ளும் காலை உணவு. கிறிஸ்துமஸ் காலை, ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவரும் சர்ச் பாட்லக் விருந்து, வீட்டில் ஏழெட்டுப் பேர் தங்கியிருக்கும் நாள் என்றால் இது வந்துவிடும். ஓவனில் 350 டிகிரி ஃபாரன்ஹீட்டில் ஏறக்குறைய ஒரு மணி நேர வேலை. ஓவனில் வேறு ஏதாவது இருந்தாலோ, பாத்திரத்தோடு தூக்கிக்கொண்டு போய் இன்னொரு இடத்தில் பிளக் மாட்ட வேண்டியிருந்தாலோதான் ஸ்லோ குக்கர் கைகொடுக்கும்.

இந்தப் பாத்திரம் பிறந்த கதையைப் பார்த்தாலே சிக்கல் புரியும். சிகாகோவின் இர்விங் நாக்ஸன் 1940-இல் இதற்குக் காப்புரிமை பெற்றார். லிதுவேனியாவின் வில்னாவில் யூதக் குடும்பங்கள் வெள்ளிக்கிழமை மாலை பேக்கரி அடுப்பில் வைத்துவிட்டு மறுநாள் எடுக்கும் சோலண்ட் என்ற பீன்ஸ்-இறைச்சிக் குழம்பைப் பற்றி அம்மா சொன்னதுதான் அவருக்குப் பொறி. அவர் விற்ற பாத்திரத்தின் பெயரே நாக்ஸன் பீனரி. 1970-இல் கான்சாஸ் சிட்டியின் ரைவல் நிறுவனம் அவருடைய தொழிலை வாங்கி, 1971-இல் கிராக்-பாட் என்ற பெயரில் இதைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. நமக்கு ஜெராக்ஸ் மாதிரி, அமெரிக்காவில் எந்த ஸ்லோ குக்கரும் கிராக்-பாட்தான். ஆக, ராத்திரி முழுக்க வேக வேண்டிய பீன்ஸுக்காகச் செய்த பாத்திரம் இது. முட்டைக்கு அதில் பாதி நேரம்கூடத் தேவையில்லை.

வெள்ளைக்கரு 62, 65 டிகிரி செல்சியஸிலேயே இறுகத் தொடங்கிவிடும். மஞ்சள் கரு 70-ஐ ஒட்டி. பால் சேர்த்தால் இன்னும் கொஞ்சம் சூடு வேண்டும். முட்டை சேர்ந்த பலகாரம் எதுவும் உள்ளே 160 டிகிரி ஃபாரன்ஹீட்டைத் தொட வேண்டும் என்பது அமெரிக்க வேளாண் துறையின் கணக்கு. அது 71 செல்சியஸ். கீழே வரும் அளவுக்கு நடுப்பகுதி 165-இலிருந்து 170 ஃபாரன்ஹீட் காட்டினால் பதம். 185-ஐத் தாண்டினால் முட்டைப் புரதம் இறுகி இறுகி, பிடித்து வைத்திருந்த நீரைப் பிழிந்து வெளியே தள்ளும். குழியில் நிற்கும் தண்ணீர் அதுதான். பால் அதிகமாகிவிட்டது என்று நினைத்து அடுத்த முறை பாலைக் குறைப்பவர்கள் உண்டு. குறைத்தால் இன்னும் ரப்பராகும்.

லோ என்றால் குறைந்த சூடு, ஹை என்றால் அதிகச் சூடு என்ற எண்ணமும் சரியில்லை. பெரும்பாலான ஸ்லோ குக்கர்களில் இரண்டும் கடைசியில் போய்ச் சேரும் இடம் ஒன்றே, கொதிநிலைக்குச் சற்றுக் கீழே. ஹை சீக்கிரம் போய்ச் சேரும், லோ ஆற அமரப் போகும். எட்டு மணி நேரம் விட்டால் லோவும் ஏறக்குறைய அங்கே வந்துவிடும். போதாததற்கு, புது மாடல்கள் பழையவற்றைவிடச் சூடாக ஓடுகின்றன. அம்மா வீட்டுப் பழைய குக்கருக்கு எழுதிய குறிப்பு புதுக் குக்கரில் பலிக்காமல் போவதற்கு அதுவும் ஒரு காரணம்.

உங்கள் குக்கரின் குணத்தை ஒரு முறை சோதித்து வைத்துக்கொள்வது நல்லது. பாதிக்குத் தண்ணீர் ஊற்றி, மூடி, லோவில் எட்டு மணி நேரம் விடுங்கள். திறந்தவுடன் தெர்மாமீட்டரை விடுங்கள், தாமதித்தால் சூடு இறங்கிவிடும். 185-இலிருந்து 200 ஃபாரன்ஹீட்டுக்குள் இருந்தால் சாதாரணக் குக்கர். 200-க்கு மேலே என்றால் கீழே சொல்லும் நேரத்தில் அரை மணியைக் குறையுங்கள். 185-க்குக் கீழே என்றால் முட்டையோ இறைச்சியோ அதில் வைக்கவே வேண்டாம், உணவு போதுமான வேகத்தில் சூடேறாது.

அளவுகள் 6 குவார்ட் (5.7 லிட்டர்) முட்டை வடிவக் குக்கருக்கு. எட்டிலிருந்து பத்துப் பேர் சாப்பிடலாம்.

லார்ஜ் முட்டை 12 (ஓடு நீக்கினால் ஒன்று 50 கிராம், மொத்தம் 600 கிராம்)
கொழுப்பு எடுக்காத பால் 1 கப் (240 மில்லி)
கார்ன் ஸ்டார்ச் 1 மேசைக்கரண்டி
உறைந்த ஹாஷ் பிரவுன், அதாவது உருளைக்கிழங்குத் துருவல், 30 அவுன்ஸ் (850 கிராம்)
காலை உணவு சாசேஜ் 1 பவுண்டு (450 கிராம்)
ஷார்ப் செடார் 8 அவுன்ஸ் (225 கிராம்)
நடுத்தர வெங்காயம் 1, குடைமிளகாய் 1
உப்பு முக்கால் டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், மஞ்சள் கடுகுத்தூள் அரை டீஸ்பூன்
பாத்திரத்தில் பூச வெண்ணெய்

இந்த அளவு பாத்திரத்தில் பாதியைச் சற்றுத் தாண்டி நிற்கும். அப்படித்தான் இருக்க வேண்டும். 8 குவார்ட்டில் இதே அளவை ஊற்றினால் மெல்லிய அடை மாதிரி பரவி ஓரம் காய்ந்துவிடும். 4 குவார்ட் என்றால் எல்லாவற்றையும் சரி பாதியாக்குங்கள், நேரத்திலும் ஒரு மணிக்குக் குறையாமல் குறையும். பிரஷர் குக்கர் வகை மல்டிகுக்கர்களில் இருக்கும் ஸ்லோ குக் பட்டனுக்கு இந்த நேரங்கள் பொருந்தாது. அவற்றில் சூடு அடியிலிருந்து மட்டும் வரும். ஸ்லோ குக்கரில் சூடேற்றும் சுருள் பக்கச் சுவரைச் சுற்றி ஓடுகிறது.

உருளைக்கிழங்கில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். வீட்டில் கிழங்கு இருக்கிறதே, துருவிப் போட்டால் என்ன என்று தோன்றும். பச்சைக் கிழங்கு வெட்டுப்பட்டதும் அதிலுள்ள நொதி காற்றோடு சேர்ந்து கருக்க ஆரம்பிக்கும். ஸ்லோ குக்கர் மெதுவாகச் சூடேறுவதால் அந்த நொதி அடங்க வெகுநேரம் ஆகும், அதற்குள் துருவல் சாம்பல் நிறமாகிவிடும். அது மட்டுமில்லை, பச்சைக் கிழங்கு மெத்தென்று ஆக 85 செல்சியஸுக்கு மேல் நன்றாக வேக வேண்டும். முட்டை அதற்கு வெகு முன்பே பதத்தைக் கடந்திருக்கும். கிழங்குக்காகக் காத்திருந்தால் முட்டை போகும், முட்டைக்காக நிறுத்தினால் கிழங்கு நறுக் நறுக்கென்று இருக்கும். கடையில் விற்கும் உறைந்த துருவல் முன்பே வெந்நீரில் லேசாக வேகவைத்து உறைய வைத்தது. நொதி ஏற்கெனவே செத்துவிட்டது, கிழங்கும் அரை வேக்காட்டில் இருக்கிறது. சோம்பேறித்தனம் இல்லை, இந்த இடத்தில் பாக்கெட்தான் சரியான சரக்கு.

ஆனால் பாக்கெட்டைப் பிரித்து அப்படியே கொட்டாதீர்கள். முந்தைய நாளே ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு மாற்றி உருகவிட்டு, ஒரு சுத்தமான துணியில் மூட்டை கட்டி, பாகற்காயைப் பிழிவது போல முறுக்கிப் பிழியுங்கள். கால் கப்புக்குக் குறையாமல் தண்ணீர் வந்தால் ஆச்சரியப்பட வேண்டாம். ஸ்லோ குக்கரில் மூடி போட்டுவிட்டால் ஆவி வெளியே போக வழி கிடையாது. உள்ளே போன ஒவ்வொரு துளியும் உள்ளேயேதான் இருக்கும். உறைந்தபடியே போட்டால் ஒரு மணி, ஒன்றரை மணி நேரம் கூடுதலாகும். அந்த நேரமெல்லாம் பச்சை முட்டை வெதுவெதுப்பில் கிடக்கும்.

காய்களுக்கும் அதே நியாயம். குடைமிளகாய், காளான், பசலைக்கீரை எல்லாமே பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். சாசேஜை வாணலியில் உதிர்த்து, சிவப்பு மறைந்து ஓரம் பொன்னிறமாகும்வரை வறுத்து எடுத்துவிட்டு, வழிந்த கொழுப்பில் ஒரு மேசைக்கரண்டியை மட்டும் விட்டு மீதியை வடியுங்கள். அதிலேயே வெங்காயத்தையும் குடைமிளகாயையும் வதக்குங்கள். சத்தம் கேட்க வேண்டும். ஈரம் இருக்கும்வரை குழகுழவென்று ஒரு மாதிரி கொதிக்கும், ஈரம் வற்றியதும் சடசடவென்று பொரியும் ஒலியாக மாறும். அதுதான் இறக்கும் நேரம். தக்காளியை உள்ளே போடவே போடாதீர்கள். வேண்டுமென்றால் சல்சாவாகப் பக்கத்தில் வைத்துக்கொள்ளலாம்.

சாசேஜிலும் சீஸிலும் உப்பு நிறையவே இருக்கிறது. முக்கால் டீஸ்பூன் குறைவாகத் தெரியும், போதும். சாசேஜ் இல்லாமல் செய்தால் ஒன்றேகால் டீஸ்பூன்.

முட்டைக் கலவைக்கு முதலில் குளிர்ந்த பாலில் கார்ன் ஸ்டார்ச்சைக் கட்டியில்லாமல் கரையுங்கள். முட்டையைத் தனியே அடித்து, அதில் இதை ஊற்றுங்கள். உப்பு, மிளகு, கடுகுத்தூள் சேருங்கள். கார்ன் ஸ்டார்ச் மாவுத்தன்மைக்காக இல்லை. முட்டைப் புரதங்கள் ஒன்றோடொன்று நெருங்கி இறுகுவதை அது தடுக்கும், சூடு கொஞ்சம் ஏறிவிட்டாலும் திரியாமல் காப்பாற்றும். கொழுப்பு நீக்கிய பாலில் இந்தப் பாதுகாப்பு குறைவு. விருந்தென்றால் பாலுக்குப் பதில், பாலும் கிரீமும் கலந்த ஹாஃப் அண்ட் ஹாஃப் ஊற்றலாம். வெள்ளைக்கரு நூல் நூலாகத் தெரியாத அளவுக்கு அடித்தால் போதும். ஆம்லெட்டுக்கு அடிப்பது போல நுரை பொங்க அடித்தால் அந்த நுரை மேலே ஏறிக் காய்ந்து, தோல் மாதிரி ஒரு படலமாக உட்கார்ந்துகொள்ளும். பிளெண்டரில் அடித்தவர்கள் பத்து நிமிடம் ஆறவிட்டு நுரையை வழித்துப் போடுங்கள்.

அடுக்குவதற்கு முன் ஒரு சின்ன வேலை. ஃபாயில் தாளை நீளவாக்கில் ஆறு மடிப்பாக மடித்து ஒரு பட்டை செய்து, கட்டுப்பாட்டுக் குமிழுக்கு எதிர்ப்பக்கச் சுவரில் உள்ளே ஒட்டினாற்போல் நிறுத்துங்கள். பெரும்பாலான குக்கர்களில் அந்தப் பக்கம்தான் சூடு அதிகம், கருகுவதும் அங்கேதான். பிறகு பாத்திரம் முழுக்க, ஃபாயில் மீதும், வெண்ணெயைத் தாராளமாகத் தடவுங்கள்.

அடியில் பாதித் துருவல், அதன் மேல் பாதி சாசேஜும் வதக்கிய காயும், அதற்கு மேல் சீஸில் மூன்றில் ஒரு பங்கு. இன்னொரு சுற்று அதே போல. சீஸ் அடியிலோ சுவரிலோ படக்கூடாது, பட்ட இடம் ஒட்டிக் கருகும். கடைசி மூன்றில் ஒரு பங்கு சீஸை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். துருவி விற்கும் பாக்கெட் சீஸில் ஒட்டாமல் இருக்க ஸ்டார்ச் தூவியிருப்பார்கள். சாஸ் செய்ய அது சரிவராது, கேசரோலுக்குப் பாதகமில்லை. முட்டையைச் சுற்றிலும் சீராக ஊற்றி, கரண்டிக் காம்பால் நாலைந்து இடத்தில் குத்திவிட்டால் அடிவரை இறங்கும். கிளறக்கூடாது.

இனி மூடி. அதற்கும் பாத்திரத்துக்கும் நடுவே மெல்லிய பருத்தித் துண்டு ஒன்றை இழுத்துப் பிடித்தாற்போல் விரித்து, அதன் மேல் மூடியை வைத்து, தொங்கும் நுனிகளை மூடிக்கு மேலே மடித்துவிடுங்கள். இட்லித் தட்டில் துணி போடுபவர்களுக்கு இதன் அருமை தெரியும். மூடியில் முத்து முத்தாகச் சேரும் நீர் கேசரோலில் சொட்டாமல் துண்டிலேயே தங்கும். துண்டு குக்கரின் வெளிச்சுவரில் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

முதல் ஒரு மணி நேரம் ஹை, அப்புறம் லோ. மொத்தம் மூன்றரை மணி நேரத்தில் பெரும்பாலும் ஆகிவிடும். லோவிலேயே வைத்தால் நாலிலிருந்து ஐந்து மணி நேரம், முழுக்க ஹை என்றால் இரண்டு, இரண்டரை. எப்படி வைத்தாலும் எதிர்பார்க்கும் நேரத்துக்கு அரை மணி முன்பே ஒரு தரம் பாருங்கள், அதற்கு முன் மூடியைத் தொட வேண்டாம். ஒரு முறை திறந்தால் போன சூடு திரும்ப இருபது முப்பது நிமிடம் ஆகும். நடுவில் தெர்மாமீட்டர் 160-ஐத் தொட்டதும் மீதிச் சீஸைத் தூவி, குக்கரை அணைத்து, மூடி பதினைந்து நிமிடம் விடுங்கள். பீங்கானில் தங்கிய சூடே மிச்ச வேலையைச் செய்துவிடும், சீஸும் உருகிவிடும். தெர்மாமீட்டர் இல்லையென்றால் பாத்திரத்தை லேசாக அசைத்துப் பாருங்கள். நடுவில் உள்ளங்கை அகலத்துக்குக் கெட்டித் தயிர் போல ஆடலாம், மோர் போலத் தளும்பக்கூடாது. ஆனால் குழந்தைகளோ கர்ப்பிணிகளோ வயதானவர்களோ சாப்பிடுவதென்றால் அசைவை நம்பாதீர்கள், ஒரு தெர்மாமீட்டர் வாங்கிவிடுங்கள். வெந்ததும் கொஞ்சம் உப்பி நிற்பது பத்து நிமிடத்தில் அமுங்கும், அது இயல்பு.

அப்படியானால் காலை டிபனுக்கு எப்படி? ஒன்பது மணிக்குச் சாப்பாடு என்றால் ஐந்தரைக்கு எழுந்து போட வேண்டும், அல்லது ஆறரைக்கு ஹையில். ராத்திரியே சாசேஜ், காய், பிழிந்த துருவல், சீஸ் எல்லாம் தனித்தனி டப்பாவில், அடித்த முட்டை ஒரு ஜாடியில், ஃபிரிட்ஜுக்குள் போய்விட்டால் காலையில் அடுக்கிப் பிளக் போடப் பத்து நிமிடம் போதும். பீங்கான் பாத்திரத்திலேயே அடுக்கி ஃபிரிட்ஜில் வைப்பதுதான் வேண்டாத வேலை. ஜில்லிட்ட பீங்கான் திடீர்ச் சூட்டில் விரிசல் விடலாம். விடாவிட்டாலும் அது சூடேறவே முக்கால் மணி நேரம் வீணாகும்.

டைமர் பிளக் வைத்து நடுராத்திரி தானாக ஆன் ஆகும்படி செய்வதும் வேண்டாம். 40-க்கும் 140 ஃபாரன்ஹீட்டுக்கும் நடுவில் கிருமிகள் மளமளவென்று பெருகும். பச்சை முட்டை அறைச் சூட்டில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் கிடக்கக்கூடாது. இந்த விஷயத்தில் சமரசமே இல்லை.

ராத்திரிதான் வைப்பேன் என்று அடம்பிடிப்பவர்களுக்கு ஒரு வழி உண்டு, கொஞ்சம் குறைபட்ட வழி. நேரம் முடிந்ததும், சூடு ஆறாமல் மட்டும் வைத்திருக்கும் வார்ம் நிலைக்குத் தானே மாறும் டிஜிட்டல் குக்கர் வேண்டும். லோவில் நாலு மணி, பிறகு வார்ம். வார்ம் நிலை 165 ஃபாரன்ஹீட் சுமாருக்கு நிற்கும், கெட்டுப்போகாது. ஆனால் அதில் இரண்டு மணி நேரம் தாண்டினால் பச்சை படரத் தொடங்கும். மஞ்சள் கருவிலுள்ள இரும்பும் வெள்ளைக்கருவிலிருந்து வரும் கந்தகமும் நீண்ட சூட்டில் சேர்வதால் வரும் நிறம் அது, அதிகம் வெந்த முட்டையின் மஞ்சள் கருவைச் சுற்றித் தெரியும் பச்சை வளையமும் இதுவேதான். சாப்பிடுவதால் ஒன்றும் ஆகாது, பார்க்கத்தான் நன்றாக இருக்காது. கால் டீஸ்பூன் மஞ்சள்தூள் போட்டால் மறைக்கும். மறைக்கத்தான் செய்யும், ரப்பர் ரப்பர்தான்.

பன்றி வேண்டாமென்றால் டர்க்கி அல்லது கோழி சாசேஜ். கொழுப்பு குறைவு, வறுக்கும்போது ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் ஊற்றுங்கள். இறைச்சி தொடாமல் முட்டை மட்டும் சாப்பிடுபவர்களுக்குச் சாசேஜுக்குப் பதில் காளான் ஒரு பவுண்டு, தண்ணீர் வற்றிப் பழுப்பாகும்வரை வதக்கியது. பச்சை மிளகாய் இரண்டு பொடியாக நறுக்கி வெங்காயத்தோடு வதக்கினால் செடாருக்கு நன்றாகவே பொருந்தும். கொத்தமல்லி பரிமாறும்போது மேலே மட்டும், உள்ளே போட்டால் கருத்துவிடும். செடாருக்குப் பதில் முழுக்கப் பனீர் போடுவதில் அர்த்தமில்லை. பனீர் உருகாது, அடுக்குகளைப் பிடித்து வைக்காது. காய்க்குப் பதிலாக வேண்டுமானால் போடலாம்.

மிச்சத்தைச் சமையல் முடிந்து இரண்டு மணி நேரத்துக்குள் தட்டையான டப்பாவில் ஃபிரிட்ஜுக்கு மாற்றுங்கள். மூன்று நாலு நாள் தாங்கும். சூடு செய்ய மைக்ரோவேவை பாதி பவரில் வையுங்கள், முழு பவரில் முட்டை மறுபடி தண்ணீர் கக்கும். உள்ளே 165 ஃபாரன்ஹீட் வரவேண்டும். ஸ்லோ குக்கரில் திரும்பச் சூடு செய்யாதீர்கள், மிகவும் மெதுவாக ஏறும்.

பாத்திரம் கழுவும்போது, பீங்கான் சூடாக இருக்கையில் குளிர்ந்த தண்ணீர் ஊற்றாதீர்கள். முழுக்க ஆறிய பின் ஓரக் கருகல் மூழ்கும்வரை வெதுவெதுப்பான நீரும் இரண்டு மேசைக்கரண்டி சமையல் சோடாவும் விட்டு ஒரு மணி நேரம் ஊறவிட்டால் மரக்கரண்டியால் தள்ளினாலே உரிந்து வந்துவிடும்.